"கடை பதிஞ்சுதான் கிடக்கு": அரச ஒப்பந்தத்துக்குத் தகுதியாய் இருப்பது என்றால் என்ன?

யாழ்ப்பாணக் கச்சேரியிலோ (மாவட்டச் செயலகம்) ஒரு மாகாணத் திணைக்களத்திலோ விலைமனுக்கள் திறக்கப்படும் நேரத்தில் போய் இருந்து பார்த்தவர்களுக்கு இந்தக் காட்சி தெரியும். பெட்டியைத் திறந்து, உறைகளை ஒவ்வொன்றாகப் பிரித்து, வந்திருப்பவர்களுக்கு முன்னால் பெயரையும் விலையையும் வாசிப்பார்கள். ஆகக் குறைந்த விலை தன்னுடையதுதான் என்று கேட்டவர் மனம் நிறைந்து வீட்டுக்குப் போவார். சில கிழமைகளில் வேலை இன்னொருவரிடம் போயிருக்கும்.

"எங்கட விலைதானே குறைவு? கடையும் பதிஞ்சுதான் கிடக்கு. அவன் உள்ளுக்கை ஆரையோ பிடிச்சிட்டான்."

அப்படி ஒருபோதும் நடக்காது என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் சிறு வியாபாரிகளுக்கு ஆவணங்களை ஒழுங்குபடுத்த உதவிவரும் எனக்குத் திரும்பத் திரும்பக் கண்ணில் படும் காரணம் வேறு. திகதி முடிந்த ஒரு சான்றிதழ், இரண்டு இடத்தில் இரண்டு விதமாக எழுதப்பட்ட ஒரு பெயர், காலமான தகப்பனின் பெயரில் இன்னும் இருக்கும் ஒரு பதிவு: இப்படி ஏதாவது ஒன்று இருக்கும். விலையைப் பார்க்கும் கட்டத்துக்கு முன்னரே அந்த மனு கழன்றுபோயிருக்கும். "பதிவு" என்ற ஒரே சொல்லால் ஐந்தாறு வேறு வேறு விடயங்களைக் குறிக்கப் பழகிவிட்டோம். பாதிக் குழப்பம் அங்கேதான் தொடங்குகிறது.

மோட்டார் சைக்கிளை நினைத்துக்கொள்ளுங்கள்

உங்களிடம் ஒரு மோட்டார் சைக்கிள் இருக்கிறது. அதை வாங்கியபோது மோட்டார் போக்குவரத்துத் திணைக்களத்தில் பதிந்து, இலக்கத் தகடும் பதிவுச் சான்றும் பெற்றீர்கள். அது ஒருமுறை செய்யும் காரியம். ஆனால் அந்தச் சான்றைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு மட்டும் வீதியில் ஓட முடியாது. வருடா வருடம் காப்புறுதி போட வேண்டும், புகைப் பரிசோதனை செய்ய வேண்டும். அந்த இரண்டையும் காட்டினால்தான் வருடாந்த வருமான அனுமதிப்பத்திரம் கிடைக்கும். காப்புறுதி முடிந்திருந்தால் அனுமதிப்பத்திரமும் இல்லை. ஓட்டுபவரின் சாரதி அனுமதிப்பத்திரம் இன்னொரு தனிக் கணக்கு.

ஆனைக்கோட்டைச் சந்தியில் பொலிஸ் மறித்தால், "பதிஞ்ச சைக்கிள்தான் ஐயா" என்று யாரும் விடை சொல்வதில்லை. அங்கே கேட்பது இன்றைக்குச் செல்லுபடியாகும் கடதாசிகளை. அரச ஒப்பந்தமும் இப்படித்தான். கடை எப்போதோ பதியப்பட்டது என்பது இலக்கத் தகடு. கேள்வி முடிவடையும் நாளில் எல்லாப் பத்திரங்களும் உயிரோடு இருக்கின்றனவா என்பதுதான் தகைமை.

கேள்வி என்று இங்கே நான் எழுதுவது ரெண்டரை. ஓர் அரச நிறுவனம் தனக்கு வேண்டிய பொருளுக்கோ வேலைக்கோ விலை கேட்பதே அது. விலையை எழுதிக் கொடுக்கும் ஆவணம் விலைமனு. இந்த வாங்கல் நடைமுறை முழுவதையும் அரச கடிதங்களில் பெறுகை என்று எழுதுவார்கள். இந்த மூன்று சொற்களும் தெரிந்தால் விளம்பரங்களில் பெரும்பாலானவற்றை வாசித்துவிடலாம்.

முதல் பதிவு: பெயருக்குப் பிறப்புச் சான்று

தனி ஒருவரோ பங்காளிகளோ ஒரு பெயர் வைத்து வியாபாரம் செய்தால், அந்தப் பெயரைப் பதிய வேண்டும். இதன் வேர் 1918ஆம் ஆண்டின் 6ஆம் இலக்க வியாபாரப் பெயர்கள் கட்டளைச் சட்டம். நடைமுறையில் இன்று நாம் போவது பிரதேச செயலகத்துக்கு. கம்பனியாகத் தொடங்கினால் 2007ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கம்பனிகள் சட்டத்தின் கீழ் கம்பனிப் பதிவாளரிடம் பதிய வேண்டும். அதற்கான விண்ணப்பம் இப்போது இணையவழியில் நடக்கிறது.

இரண்டுக்கும் உள்ள வேறுபாடு சாதாரணமானதல்ல. வியாபாரப் பெயர் என்பது ஓர் ஆளின் மேல் போட்ட சட்டை. சட்டைக்குள் இருப்பவர் நீங்கள்தான். கடன் பட்டால் உங்கள் வீடும் காணியும் பொறுப்பு. கம்பனி சட்டத்தின் கண்ணில் தனி ஓர் ஆள். அதற்கென்று பெயர், கணக்கு, கடன் எல்லாம் உண்டு. அந்த ஆள் உயிரோடு இருப்பதை வருடந்தோறும் காட்ட வேண்டும். அதற்கான வருடாந்த அறிக்கை படிவம் 15. பணிப்பாளர் மாறினால் ஓர் அறிவிப்பு, பதிவு முகவரி மாறினால் இன்னோர் அறிவிப்பு. இவற்றை ஆண்டுக்கணக்கில் விட்டுவிட்டால் பதிவேட்டிலிருந்து கம்பனியின் பெயரை நீக்கவும் பதிவாளருக்கு அதிகாரம் உண்டு. கம்பனி தொடங்கியபோது பூமாலை போட்டுப் படம் எடுத்தவர்கள் பலர் படிவம் 15 என்று ஒன்று இருப்பதைக் கேள்விப்பட்டதே இல்லை. அதைச் சொல்லிக் கொடுக்க ஆள் இல்லாததுதான் காரணம்.

அப்பாவின் கடை

யாழ்ப்பாணத்தில் அடிக்கடி நடப்பதால் இதைச் சற்று விரிவாக எழுத வேண்டும்.

காங்கேசன்துறை வீதியில் ஒரு தளபாட வேலைத்தலம் என்று வைத்துக்கொள்வோம். முப்பது வருடமாகப் பாடசாலைகளுக்கு மேசையும் கதிரையும் செய்து கொடுத்த கடை. ஐயா காலமாகிவிட்டார். மகன் அதே பெயர்ப் பலகை, அதே தச்சர்மார், அதே தொலைபேசி இலக்கத்தோடு தொடர்கிறார். ஊரைப் பொறுத்தவரை அது ஒரே கடை. மகன் விலைமனுவில் ஐயாவின் பதிவுச் சான்றின் பிரதியை இணைக்கிறார். கையொப்பம் தன்னுடையதைப் போடுகிறார்.

பெறுகைக் குழுவின் முன் இப்போது இருப்பது என்ன? உயிரோடு இல்லாத ஒருவரின் பதிவும், அந்தப் பதிவில் பெயரே இல்லாத இன்னொருவரின் கையொப்பமும். சான்றில் இருப்பது கடையின் பெயர் மட்டுமல்ல, அந்தப் பெயரில் வியாபாரம் செய்யும் ஆளின் விபரமும்தான். ஆள் மாறினால் பதிவும் மாற வேண்டும். தனிநபர் வியாபாரம் என்றால் மகன் தன் பெயரில் புதிதாகப் பதிய வேண்டும். வங்கிக் கணக்கு, வரி இலக்கம் எல்லாம் அதன் பின்னால் வரும்.

இதில் ஓர் இழப்பு உண்டு. மனதுக்கும் கஷ்டமான இழப்பு. "கடந்த ஐந்து வருட அனுபவம்" என்று கேள்விப் பத்திரத்தில் கேட்கும் இடத்தில், ஐயாவின் முப்பது வருடங்களை மகன் தன்னுடையதாக எழுதுவது சுலபமல்ல. கம்பனி என்றால் ஆள் போனாலும் அனுபவம் கம்பனியோடு நிற்கும். ஐயா நல்ல சுகத்தோடு இருக்கும்போதே மகனையோ மகளையோ பங்காளியாகச் சேர்த்துப் பதிவைத் திருத்துவது, அல்லது கம்பனியாக மாற்றுவது பற்றி வீட்டில் பேசுங்கள். "அபசகுனமாப் பேசாதை" என்று தள்ளிப்போடும் பேச்சு இது. காணி உறுதி எழுதப் பின்நிற்காத நாம் கடைக்கு மட்டும் ஏன் பின்நிற்கிறோம் என்று எனக்கு விளங்குவதில்லை.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: வியாபாரப் பெயர்ப் பதிவும் கம்பனிப் பதிவும் நீங்கள் யார் என்று சொல்பவை. உங்களுக்கு ஒப்பந்தம் தரலாமா என்பதற்கு அவை மட்டும் விடை சொல்லா.

ஆண்டுதோறும் உயிர் கொடுக்க வேண்டியவை

வரியில் தொடங்குவோம். உள்நாட்டு இறைவரித் திணைக்களம் தரும் வரி செலுத்துநர் அடையாள இலக்கத்தை நாம் 'ரின் நம்பர்' என்கிறோம். அந்த இலக்கத்தை எடுத்ததோடு வரிக் கடமை முடிந்துவிட்டது என்பது பரவலான தவறு. வரி ஆண்டு ஏப்ரல் 1இல் தொடங்கி அடுத்த வருடம் மார்ச் 31இல் முடியும். அந்த ஆண்டுக்கான வருமான விபரத்திரட்டு நவம்பர் 30க்கு முன் போக வேண்டும். பெறுமதி சேர் வரிக்குப் பதிந்திருந்தால் அதற்குத் தனி இலக்கமும் தனிச் சான்றும் உண்டு. 2024 ஜனவரி 1 முதல் அதன் வீதம் 18 சதவீதம். பதிய வேண்டிய அளவுக்கு விற்பனை இல்லாமல் பதியாதிருப்பவர்கள் விலையோடு அந்த வரியைச் சேர்த்துக் கேட்கக் கூடாது. விலைமனுப் படிவத்தில் வரி சேர்த்த விலை, வரி சேராத விலை என்று இரண்டு கட்டங்கள் இருப்பது இதற்காகத்தான். மாறி எழுதினால் பெரிய சிக்கல்.

அடுத்தது ஆட்கள். ஒரே ஒரு வேலையாள் இருந்தாலும் ஊழியர் சேமலாப நிதி கட்ட வேண்டும். ஊழியரின் சம்பளத்தில் 8 சதவீதமும், முதலாளியின் பங்காக 12 சதவீதமும். ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதிக்கு முதலாளி மட்டும் 3 சதவீதம். துப்புரவு, காவல் போன்ற ஆள்பலச் சேவைகளுக்குக் கேள்வி கோரும்போது இந்தக் கொடுப்பனவுச் சான்றுகளைக் கட்டாயம் கேட்பார்கள். தகைமைக்காக மட்டும் சொல்லவில்லை: வைத்தியசாலை விறாந்தையைக் கழுவும் அந்தப் பெண்ணின் முதுமைக்கு இருக்கும் ஒரே சேமிப்பு அதுவாக இருக்கலாம். ஒப்பந்தம் கிடைக்காவிட்டாலும் கட்ட வேண்டிய காசு.

பிறகு உங்கள் மாநகர சபை, நகர சபை அல்லது பிரதேச சபை தரும் வியாபார அனுமதிப்பத்திரம். அது எந்த மாதம் எடுத்தாலும் டிசம்பர் 31 வரைதான்.

வழங்குநர் பட்டியல் என்பது வாசல், கதிரை அல்ல

அதிகம் தவறாக விளங்கிக்கொள்ளப்படுவது இதுதான். நல்லூர்க் கொடி இறங்கி, ஐப்பசி மழை பிடிக்கும் நாட்களில் உதயனையும் வலம்புரியையும் கவனமாகப் புரட்டினால் "வழங்குநர்களைப் பதிவு செய்தல்" என்ற தலைப்பில் அறிவித்தல்கள் வரத் தொடங்கும். மாவட்டச் செயலகம், பல்கலைக்கழகம், போதனா வைத்தியசாலை, மாநகர சபை, மாகாணத் திணைக்களங்கள் என ஒவ்வொரு நிறுவனமும் அடுத்த ஆண்டுக்குத் தன் பட்டியலைத் தயாரிக்கும். எழுதுகருவி, கணினி உதிரிப்பாகம், தளபாடம், வாகனத் திருத்தம், உணவு வழங்கல் என்று வகைகள் இருக்கும். ஒவ்வொரு வகைக்கும் தனிக் கட்டணம் கேட்பது வழக்கம். அந்தக் காசு திரும்பி வராது.

கலியாணத்துக்கு அழைப்பிதழ் கொடுக்க ஒரு பெயர்ப்பட்டியல் எழுதுகிறோம் அல்லவா, அதுதான் இது. பட்டியலில் இருந்தால் அழைப்பு வரும். சிறிய கொள்வனவு ஒன்று வரும்போது நிறுவனம் தன் பட்டியலில் இருப்பவர்களிடம் விலை கேட்டுக் கடிதம் அனுப்பும். விலை கேட்பார்கள் என்பதுதான் பட்டியல் தரும் உறுதி. வாங்குவோம் என்று எவரும் உறுதி தரவில்லை. "காசு கட்டிப் பதிஞ்சன், ஒரு ஓடரும் வரேல்லை, ஏமாத்திப்போட்டாங்கள்" என்று சொல்வோர் இந்த இடத்தில்தான் தவறுகிறார்கள்.

மறுபக்கமும் உண்டு. பெரிய கொள்வனவுகளைப் பத்திரிகையில் பகிரங்கமாக விளம்பரம் செய்வார்கள். அங்கே பட்டியலில் இல்லாதவரும், விளம்பரத்தில் சொன்ன தகைமைகள் இருந்தால், மனுப் போடலாம். "எங்கட பேர் லிஸ்ரில இல்லை" என்று அவற்றை வாசிக்காமலே விடுபவர்களைப் பார்க்கும்போது எனக்கு மனம் வலிக்கிறது. நிதி அமைச்சின் 'புறொமிஸ்' என்ற இணையத் தளத்திலும் வழங்குநராகப் பதிந்துகொள்ளலாம். ஆனால் அங்கே பதிந்ததால் கச்சேரிப் பட்டியலில் பெயர் தானாக வந்துவிடும் என்று எண்ணிவிடாதீர்கள். ஒவ்வொரு அறிவித்தலும் என்ன கேட்கிறது என்று வாசித்துத்தான் ஆக வேண்டும்.

சுருக்கமாக: பட்டியல் பதிவு நிறுவனத்துக்கு நிறுவனம் வேறு, வகைக்கு வகை வேறு, பெரும்பாலும் ஒரு நாட்காட்டி ஆண்டுக்குத்தான்.

கட்டட வேலையும் 50 இலட்சம் என்ற கோடும்

மதில் கட்டுவது, வீதி போடுவது, பாடசாலைக் கட்டடம் எழுப்புவது போன்ற வேலைகளுக்கு இன்னொரு பதிவு வேண்டும். முன்பு அதைக் கொடுத்த நிறுவனத்தின் சுருக்கப் பெயரால், பழைய கொந்தராத்துக்காரர்கள் இன்றும் 'இக்ராட்' என்றே சொல்வார்கள். 2014ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சட்டத்தின் பின் அதன் இடத்தில் இருப்பது நிர்மாணக் கைத்தொழில் அபிவிருத்தி அதிகார சபை, சுருக்கமாக 'சிடா'. ஒப்பந்தகாரரின் ஆளணி, இயந்திரம், நிதி, அனுபவம் ஆகியவற்றைப் பார்த்துத் தரம் பிரிப்பார்கள். சி 9 தொடக்கத் தரம். இலக்கம் குறையக் குறைய எடுக்கக்கூடிய வேலையின் பெறுமதி கூடும். தரம் துறைக்குத் துறை வேறு: கட்டடத்தில் நல்ல தரம் இருப்பதால் வீதி வேலைக்கும் அதே தரம் உண்டு என்றாகாது. அந்தச் சான்றுக்கும் காலாவதித் திகதி இருக்கிறது.

பெறுமதி 50 இலட்சம் ரூபாயைத் தாண்டும் அரச ஒப்பந்தங்களுக்கு 1987ஆம் ஆண்டின் 3ஆம் இலக்கப் பொது ஒப்பந்தங்கள் சட்டம் குறுக்கே வரும். இது கட்டடத்துக்கு மட்டுமல்ல, பொருள் வழங்கலுக்கும் உரியது. மனுப் போடுபவர் கம்பனிப் பதிவாளரிடம் அந்தக் குறிப்பிட்ட கேள்விக்காகப் பதிந்து, 'பீ.சி.ஏ. 3' என்ற சான்றை எடுத்து மனுவோடு வைக்க வேண்டும். வேலை கிடைத்த பின் அந்த ஒப்பந்தத்தையும் பதிய வேண்டும். போன வருடம் இன்னொரு கேள்விக்கு எடுத்த சான்றின் பிரதியை இணைத்து மனுவை இழந்தவர்கள் உண்டு. மோட்டார் சைக்கிள் கணக்கில் சொன்னால், இது வருடப் பத்திரமே இல்லை. ஒரு பயணத்துக்கு எடுக்கும் பஸ் ரிக்கற்.

உறை பிரித்த பிறகு நடப்பது

இப்போது உண்மையான பொறிமுறைக்கு வரலாம். பெறுகைக் குழு எல்லா மனுக்களின் விலையையும் வரிசைப்படுத்திவிட்டு முதலாவதைத் தூக்குவதில்லை. அரிசி புடைப்பதைப் போல அடுக்கடுக்காகப் போகும். முதலில் தகைமை: இவர் மனுப் போட உரித்துடையவரா, சான்றுகள் செல்லுபடியாகின்றனவா, கையொப்பமிட்டவருக்கு அதிகாரம் உண்டா, கறுப்புப் பட்டியலில் இருக்கிறாரா. கறுப்புப் பட்டியல் என்பது ஒப்பந்தத்தை எடுத்துவிட்டுக் கடமை தவறியவர்கள் என்று அரசு பெயர் குறித்து விலக்கி வைத்திருப்பவர்களின் பட்டியல். அடுத்து, கேட்டதற்கு ஏற்றபடி மனு இருக்கிறதா என்ற பார்வை: கேட்ட தரத்துப் பொருளா, கேட்ட காலத்துக்கு விலை செல்லுபடியாகுமா, பிணை சரியா. இவை எல்லாம் தாண்டி நிற்பவர்களின் விலைதான் ஒப்பிடப்படும். அதனால்தான் வாசிக்கப்பட்ட ஆகக் குறைந்த விலையும் வென்ற விலையும் சில வேளை வேறாக இருக்கின்றன.

பிணை என்றால், மனுவைப் போட்டுவிட்டு இடையில் பின்வாங்க மாட்டேன் என்பதற்கு வங்கி உங்களுக்காகத் தரும் உத்தரவாதக் கடிதம். அதில் குறிப்பிடும் முடிவுத் திகதி கேட்டதை விட ஒரு நாள் குறைந்தாலும் மனு தள்ளுபடியாகலாம். வங்கிக்காரரிடம் வாய்ச்சொல்லாகச் சொல்லாமல், கேள்விப் பத்திரத்தின் அந்தப் பக்கத்தையே கொண்டுபோய்க் கொடுங்கள்.

சிறிய குறைகளுக்கு விளக்கம் கேட்கக் குழுவுக்கு இடமுண்டு. ஆனால் மனு முடிவடைந்த நாளில் இல்லாத தகைமையை, பிறகு ஓடிப்போய் உண்டாக்கிக் கொடுக்க இடமில்லை. மற்ற மனுதாரருக்கு அது அநீதி. நேரம் தப்பி வந்த மனு திறக்கப்படாமலே திரும்பும். பருத்தித்துறையிலிருந்து வரும் பஸ் பிந்திவிட்டது என்பது மெய்யாகவே இருக்கலாம். பெட்டி மூடிய பிறகு அதற்கு மருந்தில்லை.

"யாழ்" என்பதை ஆங்கிலத்தில் எப்படி எழுதினீர்கள்?

சின்ன விடயம் போலத் தெரியும். நமது கடைகளில் எத்தனை "யாழ்" என்று தொடங்குகின்றன! 'ழ'கரத்துக்கு ஒருவர் ஆங்கிலத்தில் இசட்டும் எச்சும் போடுவார். இன்னொருவர் ஒற்றை எல் போடுவார். பிரதேச செயலகச் சான்றில் ஒருவிதம், வங்கிக் கணக்கில் இன்னொருவிதம், இறப்பர் முத்திரையில் மூன்றாவது விதம். ஆளின் பெயரிலும் இதே கதை: தகப்பன் பெயர் ஓரிடத்தில் முதலெழுத்தாக, இன்னோரிடத்தில் முழுதாக, அடையாள அட்டையில் வேறு எழுத்துக் கூட்டலோடு.

எங்களுக்கு அது ஒரே கடை, ஒரே ஆள். கடதாசியை மட்டும் பார்த்து முடிவெடுக்க வேண்டிய அலுவலருக்கு அவை மூன்று. ஒப்பந்தம் கிடைத்து, வேலையும் முடிந்து, காசோலை தவறிய எழுத்துக் கூட்டலோடு வந்து வங்கியில் நின்றுபோன சம்பவங்களும் உண்டு. முதல் பதிவுச் சான்றில் எப்படி எழுதியிருக்கிறதோ, அதே எழுத்துக் கூட்டலை எங்கும் எழுதுங்கள். அந்தச் சான்றே பிழை என்றால், முதலில் அதைத் திருத்துங்கள். மற்றவை அதற்குப் பிறகு.

மூன்று நாட்காட்டிகள்

வருடக் கடைசியில் எல்லாம் ஒன்றாகச் சேர்ந்து நெரிவதற்குக் காரணம், இந்தப் பதிவுகள் ஒரே நாட்காட்டியில் ஓடாததுதான். அரசின் வரவுசெலவு ஆண்டு ஜனவரி 1 முதல் டிசம்பர் 31 வரை. வழங்குநர் பட்டியலும் உள்ளூராட்சி அனுமதிப்பத்திரமும் அதோடு போகும். வரி ஆண்டு ஏப்ரலில் தொடங்கும். சிடா, காப்புறுதி, வங்கிப் பிணை போன்றவை நீங்கள் எடுத்த நாளிலிருந்து தம்பாட்டில் ஓடும். பகிரங்கக் கேள்வி விளம்பரத்துக்கும் முடிவு நாளுக்கும் இடையில் கிடைப்பது சில கிழமைகள்தான். விளம்பரத்தைப் பார்த்த பிறகு காலாவதியான சான்றைப் புதுப்பிக்கத் தொடங்குபவர், தேர் புறப்பட்ட பிறகு வடம் தேடுபவர்.

கடையில் தொங்கும் நாட்காட்டியில், ஒவ்வொரு சான்றின் முடிவுத் திகதிக்கும் இரண்டு மாதம் முன்னால் சிவப்பு மையால் ஒரு வட்டம் போடுங்கள். எல்லா மூலப் பத்திரங்களையும் ஒரு கோவையில் வையுங்கள். இரண்டு மூன்று உறுதிப்படுத்திய பிரதிகளும் அதற்குள் இருக்கட்டும். வீட்டில் இன்னொருவருக்கும் அந்தக் கோவை எங்கே இருக்கிறது என்று தெரிய வேண்டும்.

பட்டியலில் பெயர் வந்து, விலை கேட்டுக் கடிதமும் வந்து, அந்த நேரம் உங்களிடம் பொருள் இல்லை என்றால் பேசாமல் இருந்துவிடாதீர்கள். தொடர்ந்து பதில் அனுப்பாதவரின் பெயரை நீக்குவோம் என்று சில நிறுவனங்கள் தம் நிபந்தனைகளிலேயே எழுதுகின்றன. "இம்முறை வழங்க இயலாதுள்ளது, அடுத்த முறை அழையுங்கள்" என்று இரண்டு வரி எழுதி, கையொப்பமும் முத்திரையும் வைத்து, கேட்ட திகதிக்கு முன் சேர்ப்பித்து விடுங்கள். அதன் பிரதி ஒன்றையும் அதே கோவையில் போடுங்கள்.